ரிங்கில் ஏறும் முன் வரும் பயம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வடசென்னையில் வியாசர்பாடி, புளியந்தோப்பு, ராயபுரம், காசிமேடு பக்கம் பாக்சிங் கற்றுக்கொள்ள வரும் பிள்ளைகள் முதல் மூன்று மாதம் கேட்பதெல்லாம் ஜாப் (முன்கையால் நேராகப் போடும் குத்து) எப்படி, ஹுக் (பக்கவாட்டில் வளைத்துப் போடும் குத்து) எப்படி, கால் எங்கே வைப்பது என்பதுதான். "அடுத்த ஞாயித்துக்கிழமை ஸ்பாரிங்" (எதிராளியோடு ஆடும் பயிற்சிச் சண்டை) என்று வாத்தியார் சொன்ன நாளிலிருந்து கேள்விகள் மாறிவிடும். மற்றவர்கள் கிளம்பட்டும் என்று காத்திருந்து, ஷூ லேஸை அவிழ்ப்பதுபோல் குனிந்துகொண்டு கேட்கும் கேள்விகள் அவை. அவற்றுக்கான பதில்கள் இங்கே.

ஸ்பாரிங்னு சொன்னதுல இருந்து தூக்கமே வர்ல. நான் இதுக்கு லாயக்கு இல்லையா?

லாயக்குதான். எதிரே ஒருவன் மூக்கைக் குறிபார்த்து நிற்கும்போது வயிறு கலங்குவது இயல்பு. கலங்காதவனைத்தான் வாத்தியார்கள் கூடுதலாகக் கவனிப்பார்கள். அவன் கையைத் தொங்கப்போட்டுக்கொண்டு நிற்பான், முதல் ரைட்டிலேயே (வலது கைக் குத்து) வாங்கிக் கட்டிக்கொள்வான். பயப்படுகிறவனின் கை தானாக முகத்துக்குப் பக்கத்தில் இருக்கும்.

அடி விழும் விளையாட்டில்தான் இந்தப் பயம் வரும் என்றும் நினைக்க வேண்டாம். கேரம் போர்டில் யாரும் யாரையும் தொடுவதுகூட இல்லை. புதுவண்ணாரப்பேட்டைப் பெண் காசிமா 2024 உலகக் கோப்பையில் மூன்று தங்கம் வாங்கிய விளையாட்டு அது. தெருமுனை கிளப்பில் ஆடுகிறவர்களைக் கேட்டுப்பாருங்கள்: கடைசிக் காயும் ரெட்டும் மட்டும் பாக்கி இருக்கும்போது ஸ்ட்ரைக்கர் மேல் வைத்த விரல் நடுங்கும். நன்றாக ஆடுகிறவருக்கும் நடுங்கும். நடுக்கத்தோடு எப்படி அடிப்பது என்று அவருக்குத் தெரியும், அவ்வளவுதான்.

வாய் காய்ஞ்சு போவுது, கொட்டாவி வருது, அஞ்சு நிமிஷத்துக்கு ஒரு தடவை ஒண்ணுக்கு வர்ற மாதிரி இருக்கு. ஒடம்பு சரியில்லையா?

உடம்பு சரியாகத்தான் வேலை செய்கிறது. ஆபத்து என்று மூளை முடிவெடுத்ததும் சிறுநீரகத்துக்கு மேல் உட்கார்ந்திருக்கும் சுரப்பிகள் அட்ரினலினை இரத்தத்தில் விடும். இதயம் வேகமெடுக்கும். குடலுக்குப் போகும் இரத்தம் குறைந்து தொடைக்கும் தோளுக்கும் போகும், அதனால்தான் வயிற்றைக் கலக்குகிறது. எச்சில் வறளும். விரல் நுனி சில்லிடும். பார்வை ஒடுங்கி, நேர் எதிரே இருப்பது மட்டும் தெரியும். பக்கத்தில் நிற்கிற வாத்தியாரின் குரல்கூடத் தூரத்தில் கேட்பதுபோல் இருக்கும்.

ஒவ்வொருவருக்கும் இதில் இரண்டு மூன்றுதான் பலமாக வரும். உங்களுக்கு எது வருகிறது என்று ஒரு தாளில் எழுதி வையுங்கள். அடுத்த முறை அதே வரிசையில் வரும்போது "வந்துடுச்சு, இது இரண்டாவது" என்று எண்ணிக்கொள்ளலாம். என்னவென்று தெரியாத நடுக்கம்தான் ஆளை விழுங்கும்.

வாய் காய்ந்தால் கொப்பளித்துத் துப்புங்கள். அரை லிட்டர் தண்ணீரைக் கடகடவென்று குடித்துவிட்டு ரிங்கில் குதித்தால் வயிற்றில் தளும்பும். பாத்ரூமுக்குக் கை கட்டுவதற்கு முன்பே போய்விட வேண்டும். கையைக் கட்டி, கிளவுஸ் மாட்டிய பிறகு நாடாவை அவிழ்க்க இன்னொருவனைக் கூப்பிட வேண்டியிருக்கும். ஒருமுறை அந்த நிலை வந்தவர் மறுமுறை மறக்கவே மாட்டார்.

அடி எவ்ளோ வலிக்கும்? உண்மையைச் சொல்லுங்க.

ஸ்பாரிங்குக்கு 16 அவுன்ஸ் கிளவுஸ் போடுவோம், ஒரு கிளவுஸ் ஏறக்குறைய 450 கிராம். பஞ்சு கனமாக இருப்பதால் நெற்றியிலும் கன்னத்திலும் படும் அடி வலியைவிட அதிர்ச்சியாகத்தான் இருக்கும். மூக்கில் பட்டால் கண்ணில் தண்ணீர் கொட்டும். அது அழுகை இல்லை, மூக்கு நரம்பின் வேலை, கூச்சப்பட வேண்டாம். இரத்தம் வந்தால் தலையைப் பின்னால் சாய்க்கக் கூடாது. சற்று முன்னால் குனிந்து, மூக்கின் மிருதுவான பகுதியை அழுத்திப் பிடித்துக்கொண்டு பத்து நிமிடம் வாயால் மூச்சு விடுங்கள். நடுவில் கையை எடுத்து எடுத்துப் பார்த்தால் நிற்காது.

நிஜமாக வலிப்பது ஈரல் குத்து. வலது பக்க விலா எலும்புக்குக் கீழே சரியாகப் பட்டால், ஒரு நொடி ஒன்றும் தெரியாது. பிறகு கால் மடங்கிவிடும், மூச்சு வராது. எவ்வளவு தைரியசாலியானாலும் உட்கார்ந்துவிடுவார். பெரும்பாலும் ஒன்றிரண்டு நிமிடத்தில் தெளியும். வலது முழங்கையை விலாவோடு ஒட்டி வைக்கச் சொல்லி வாத்தியார் தினமும் கத்துவது இதற்காகத்தான்.

பெரும்பாலானோர் முதல் ஸ்பாரிங் முடிந்து இறங்கும்போது "இவ்ளோதானா?" என்பார்கள். அதற்கு முந்தைய நான்கு இரவுகள்தான் அவர்களை அடித்திருக்கும்.

குத்து வரும்போது கண்ணு தானா மூடிக்குது. முகத்தைத் திருப்பிக்கிறேன். எப்படி நிறுத்துவது?

இதுதான் முக்கியமான கேள்வி. பயம் வெளியே தெரியும் இடம் கண். கண்ணை மூடினால் அடுத்த குத்து எங்கிருந்து வருகிறது என்று தெரியாது, தெரியாததால் பயம் கூடும், பயம் கூடியதால் இன்னும் இறுக்கி மூடுவோம். முகத்தைத் திருப்பினால் இன்னும் மோசம். தாடை பக்கவாட்டில் திரும்பி நிற்கும், ஹுக்குக்கு வாகான இடம்.

இமைப்பதை முழுதாக நிறுத்த முடியாது, அது அனிச்சைச் செயல். நிறுத்த வேண்டியது இரண்டு: இமைத்த பிறகு கண்ணை மூடியே வைத்திருப்பது, தலையைத் திருப்புவது. கூட ஆடும் பையனை வைத்துக்கொண்டு தினமும் பத்து நிமிடம் செய்தால் போதும்.

முதலில் இரண்டு கையையும் உயர்த்தி நெற்றியோடு ஒட்டி வைத்துக்கொள்ளுங்கள். தாடையைக் கழுத்துக் குழிக்கு இறக்குங்கள். எதிரே நிற்பவன் கிளவுஸோடு, மெதுவாக, ஒரே தாளத்தில் உங்கள் கிளவுஸ் மேல் தட்டட்டும், ஒரு நிமிடம். நீங்கள் பார்க்க வேண்டிய இடம் அவனுடைய கழுத்துக்குக் கீழே, இரண்டு காரை எலும்பும் சேரும் இடம். அவன் கிளவுஸைப் பார்த்தால் கண் அதன் பின்னாலேயே ஓடி மூடிக்கொள்ளும். நெஞ்சைப் பார்த்தால் இரண்டு தோளும் ஓரக்கண்ணில் தெரியும், தோள் அசைந்த பிறகுதான் கை வரும். அடுத்த நிமிடம் தாளத்தை மாற்றித் தட்டச் சொல்லுங்கள். மூன்றாவது நிமிடம் உங்கள் கைகளைக் கீழே இறக்கிக்கொள்ளுங்கள். அவன் நெற்றியில் மட்டும், கதவைத் தட்டும் பலத்தில், மூன்று நான்கு முறை தொடட்டும். ஒவ்வொரு தொடுதலுக்கும் "உஸ்" என்று மூச்சை வெளியே விடுங்கள்.

இதோடு பந்துப் பயிற்சி. கடையில் விற்கும் ரப்பர் பந்தில் துளை போட்டு எலாஸ்டிக் கயிறு கோத்து, மறுமுனையைப் பழைய தொப்பியின் முன்பக்கம் தைத்துவிடுங்கள். தொப்பியை மாட்டிக்கொண்டு பந்தைக் குத்தினால் அது திரும்பி முகத்துக்கே வரும். முதல் நாள் மூக்கில் பத்து முறை படும். இரண்டு வாரத்தில் பந்து முகத்தை நோக்கி வருவது கண்ணுக்குச் சாதாரணமாகிவிடும். மொட்டை மாடியில் செய்வதானால் கைப்பிடிச் சுவரிலிருந்து நாலடி தள்ளி நில்லுங்கள்.

பெரும்பாலானோர் செய்யும் தவறு, இதை மூன்று நாள் செய்து "சரியாயிடுச்சு" என்று விட்டுவிடுவது. களைத்துப்போன நேரத்தில் பழைய பழக்கம் திரும்ப வரும். அதனால் பயிற்சியின் கடைசிப் பத்து நிமிடத்தில், மூச்சு வாங்கும்போது செய்யுங்கள்.

நேரா முழு ஸ்பாரிங்குல எறங்கலாமா? எறங்குனாதானே பயம் தெளியும்?

கிணற்றில் தள்ளிவிட்டு நீச்சல் கற்றுக்கொடுக்கிற வழி அது. சிலர் கற்றுக்கொள்வார்கள், பலர் மறுநாள் வர மாட்டார்கள். பயத்தைச் சிறு சிறு அளவாகக் கொடுத்தால்தான் உடம்பு "இது தாங்கக்கூடியதுதான்" என்று படிக்கும். ஆறு வாரம் ஒதுக்குங்கள், வாரம் இரண்டு நாள்.

முதல் வாரம் கிளவுஸ் வேண்டாம். வெறுங்கையால் எதிராளியின் தோளையும் முட்டியையும் தொடும் ஆட்டம், இரண்டு நிமிடம் வீதம் நாலு சுற்று. சிரிப்பு வரும், வரட்டும். இரண்டாவது வாரம் ஒருவன் ஜாப் மட்டும் போடுவான், மற்றவன் தடுப்பது மட்டும். ஒரு நிமிடத்துக்கு ஒருமுறை மாற்றிக்கொள்ளுங்கள். மூன்றாவது வாரம் இருவருமே ஜாப் போடலாம். நான்காவது வாரம் உடம்பில் மட்டும் குத்து, தலை கிடையாது. நெருக்கத்தில் நின்று பழகும் வாரம் இதுதான், முந்தைய மூன்றையும்விட அதிகம் பயன் தருவது. ஐந்தாவது வாரம் ஜாபும் ரைட்டும், தலை உடம்பு இரண்டிலும், கதவைத் தட்டும் பலத்தில். ஆறாவது வாரம் எல்லாக் குத்தும், இரண்டு நிமிடம் வீதம் இரண்டே ரவுண்டு.

கெட்டுப்போகும் இடம் ஒன்று உண்டு. இரண்டு புதுப் பையன்களை ஒருவருக்கொருவர் ஜோடி போடுவது. இருவருக்கும் பயம், இருவரும் கண்ணை மூடிக்கொண்டு முழுபலத்தில் வீசுவார்கள், ஒருவன் அடிபட்டதும் மற்றவன் பயத்தில் இன்னும் வேகமாக வீசுவான். புதியவருக்கு ஜோடி, கையை அடக்கத் தெரிந்த சீனியர்தான். எடை இருபது கிலோ கூட இருந்தாலும் பரவாயில்லை, அவருக்கு நிதானம் இருந்தால் போதும்.

ஒரு நாள் செம்மையா வாங்கினேன். ரெண்டு வாரம் கழிச்சு வரலாம்னு பாக்குறேன்.

தலையில் அடிபட்ட அறிகுறி எதுவும் இல்லையென்றால் (அதைக் கீழே தனியாகச் சொல்லியிருக்கிறோம்) இரண்டே நாளில் வாருங்கள். ஸ்பாரிங் வேண்டாம், முந்தைய படிக்கு இறங்குங்கள், ஜாப் மட்டும் ஆடுங்கள். தள்ளிப்போட்ட நிமிடமே மனதுக்கு ஒரு நிம்மதி கிடைக்கும் பாருங்கள், அதுதான் தொந்தரவு. "போகாமல் இருந்தால் நல்லது" என்று அந்த நிம்மதி உடம்புக்குப் பாடம் நடத்திவிடும். இரண்டு வாரம் கழித்து அதே படிக்கட்டில் ஏறும்போது பயம் இரண்டு மடங்காக இருக்கும். அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்பார்கள். இங்கே அந்தப் பேய்க்குச் சோறு போட்டு வளர்ப்பது வீட்டில் உட்கார்ந்திருக்கும் அந்த இரண்டு வாரம்.

தினமும் அஞ்சு கிலோமீட்டர் ஓடுறேன். ஆனா ரிங்குல ஒரு நிமிஷத்துல மூச்சு முட்டுது. ஏன்?

மூச்சை அடக்கிக்கொண்டு ஆடுகிறீர்கள். பயந்தவர் முதலில் செய்வது மூச்சை உள்ளே பிடித்துக்கொள்வது, இரண்டாவது கிளவுஸுக்குள் முஷ்டியை இறுக்குவது, மூன்றாவது தோளைக் காதுவரை தூக்குவது. மூன்றும் சேர்ந்தால் எவ்வளவு ஓடியிருந்தாலும் ஒரு நிமிடத்துக்கு மேல் தாங்காது. போதாததற்கு அட்ரினலின் வேகத்தில் முதல் முப்பது நொடி புயல் மாதிரி வீசியிருப்பீர்கள்.

ஒவ்வொரு குத்துக்கும் மூக்கு வழியாகவோ பல்லிடுக்கு வழியாகவோ "ஸ்ஸ்" என்று காற்று வெளியே வர வேண்டும். வெளியே விட்டால் உள்ளே தானாக வரும். குத்து படும் கணத்தில் மட்டும் முஷ்டி இறுகட்டும், மற்ற நேரம் முட்டையைப் பிடித்த மாதிரி கை இருக்கட்டும். முதல் முப்பது நொடிக்கு ஒரே வேலைதான்: ஜாப், பிறகு இடப்பக்கம் இரண்டு அடி நகர்வது. ஜெயிக்க வேண்டும் என்று அந்த அரை நிமிடத்தில் நினைக்கவே வேண்டாம்.

ரிங்குக்கு வெளியே பழக ஒரு கணக்கு: நாலு எண்ணும்வரை மூக்கால் இழுத்து, ஆறு எண்ணும்வரை விடுங்கள். வெளியே விடும் நேரம் நீளும்போது இதயத் துடிப்பு இறங்கும். தினமும் படுக்கும்போது ஐந்து நிமிடம். சண்டைக்குக் கூப்பிடும்போதுதான் முதன்முறையாகச் செய்து பார்ப்பேன் என்றால் வேலைக்கு ஆகாது.

சாமான் சரியில்லன்னாலும் பயம் வருமா?

வரும், அது நியாயமான பயம். இரவல் கம்ஷீல்டு (பல் கவசம்) வாயில் ஆடிக்கொண்டிருந்தால் கவனம் முழுக்கப் பல்லில்தான் இருக்கும்.

கம்ஷீல்டைச் சொந்தமாக வாங்குங்கள். வெந்நீரில் போட்டுக் கடித்து வடிவம் எடுக்கும் வகை போதும். உறையில் போட்டிருக்கும் நேரப்படி, வழக்கமாக இருபது முப்பது நொடி, கொதித்து இறக்கிய நீரில் வைத்து எடுத்து, சூடு தணிய ஒரு கணம் விட்டு, மேல் பல்லில் பொருத்திக் கடித்து, உறிஞ்சிக்கொண்டே விரலால் வெளிப்பக்கம் அழுத்த வேண்டும். வாயைத் திறந்தாலும் விழாமல் நிற்க வேண்டும். விழுந்தால் மறுபடி செய்யுங்கள். சிவப்பு நிறம் வேண்டாம், இரத்தம் வந்தால் தெரியாது என்பதால் போட்டியில் விட மாட்டார்கள்.

கைக்கட்டுத் துணி பயிற்சிக்கு நாலரை மீட்டர். மணிக்கட்டில் மூன்று சுற்று, விரல் முட்டியில் மூன்று, விரலிடுக்கில் குறுக்கே மூன்று, கட்டைவிரலைப் பூட்டி மீதியை மணிக்கட்டிலேயே முடியுங்கள். விரலை விரித்து வைத்துக்கொண்டு கட்டினால்தான் முஷ்டி பிடிக்கும்போது இறுகாது. நம் ஊர்ப் புழுக்கத்தில் வியர்வையில் நனைந்த துணியைத் துவைக்காமல் பைக்குள் சுருட்டி வைத்தால் நாறுவதோடு நிற்காது, விரலிடுக்கில் படை வரும்.

ஹெட்கார்டு கீறலையும் வெட்டையும் குறைக்கும். மூளை குலுங்குவதைத் தடுக்காது. அதைப் போட்டதும் வரும் தைரியம் பாதிக்கு மேல் பொய்யானது.

போட்டி நாளில் என்னென்ன செய்வது?

முந்தின இரவு பையை அடுக்கிவிடுங்கள்: மருத்துவச் சான்று, வயதுச் சான்று, கம்ஷீல்டு, அடிவயிற்றுக் கார்டு, கைக்கட்டுத் துணி, இரண்டு டவல். காலையில் தேடும் பரபரப்பும் பயமும் ஒன்றோடொன்று சேர்ந்துகொள்ளும். இரவுச் சாப்பாட்டில் புதுமை வேண்டாம். பீச் ஸ்டேஷன் பக்கம் போய் அத்தோவும் (பர்மா நூடுல்ஸ்) முட்டையும் ஒரு பிடி பிடிப்பதை ஜெயித்த பிறகு வைத்துக்கொள்ளலாம். தூக்கம் வராவிட்டால் கண்ணை மூடிப் படுத்திருந்தாலே போதும். ஒரு ராத்திரித் தூக்கம் கெட்டதால் யாரும் தோற்பதில்லை, "தூங்கலையே, தூங்கலையே" என்று புலம்பியே தோற்கிறார்கள்.

எடை பார்ப்பது வழக்கமாகக் காலையில். எடைக்காக நம் ஊர் வெயிலில் ரெயின்கோட் மாட்டிக்கொண்டு ஓடுவதை இன்றும் சிலர் செய்கிறார்கள். உடம்பில் நீர் வற்றினால் கை நடுங்கும், தலை சுற்றும், அது பயம் மாதிரியே இருக்கும். எது பயம், எது தாகம் என்று பிரிக்க முடியாமல் போய்விடும். எடை முடிந்ததும் உப்புச் சர்க்கரை போட்ட எலுமிச்சைச் சாறு, நாலு இட்லி. சண்டைக்கு மூன்று மணி நேரத்துக்கு முன் சாப்பாட்டை முடித்துவிடுங்கள், பிறகு ஒரு வாழைப்பழம் போதும்.

காலியாக இருக்கும்போதே ரிங்கில் ஏறிப் பார்க்க முடிந்தால் பாருங்கள். கயிறுக்குள் உள்ள இடம் சுமார் இருபது அடிக்கு இருபது அடி. நாலு மூலையையும் தொட்டு, கயிற்றில் சாய்ந்து, தரை எங்கே மெத்தென்று இருக்கிறது என்று காலால் பாருங்கள். பழகின இடத்தில் பயம் பாதி.

உங்கள் சண்டைக்கு நாற்பது நிமிடம் முன் கை கட்டுங்கள், இருபது நிமிடம் முன் வியர்க்கும்வரை நிழல் குத்து (எதிராளி இல்லாமல் காற்றில் குத்துவது). எதிராளி பக்கத்திலேயே சூடாகிக்கொண்டிருப்பான், குத்து வாங்கப் பிடிக்கும் பேடில் "பட்டு பட்டு" என்று சத்தம் வரும். அந்தப் பக்கம் பார்க்காமல் திரும்பி நின்று செய்யுங்கள். எல்லாருடைய பேடும் அப்படித்தான் சத்தம் போடும்.

கார்னரில் நிற்கும் வாத்தியார் என்ன சொல்ல வேண்டும்?

குறைவாக. ஒரு நிமிட இடைவேளையில் முதல் இருபது நொடி பேச்சே வேண்டாம், உட்கார வைத்து, கம்ஷீல்டை எடுத்து, மூச்சு விட வையுங்கள். பிறகு ஒரு விஷயம், மிஞ்சினால் இரண்டு. "ஜாப் போட்டுட்டு லெஃப்ட்ல போ" என்றால் கேட்கும். "பயப்படாதே" என்றால் "பயம்" மட்டும்தான் கேட்கும். அப்பாவும் மாமாவும் சித்தப்பாவும் கயிற்றுக்குக் கீழே நின்று ஆளுக்கொன்று கத்துவதை நிறுத்துவதும் வாத்தியார் வேலைதான்.

அடிபட்டு வுழுந்துட்டா?

நடுவர் எட்டுவரை எண்ணியே ஆக வேண்டும், நீங்கள் இரண்டிலேயே எழுந்தாலும் எட்டு முடியாமல் சண்டை தொடங்காது. ஆகவே அவசரப்பட்டுத் துள்ளி எழ வேண்டாம். ஒரு முட்டியை ஊன்றி, மூச்சை விட்டு, ஆறு எண்ணும்போது எழுந்து, கையை உயர்த்தி நடுவர் கண்ணைப் பாருங்கள். பத்து எண்ணிவிட்டால் முடிந்தது. விழுவதைப் பாயில் இரண்டு நாள் பழகிவைத்தால் அந்தப் பயமும் குறையும்: தாடை நெஞ்சில் ஒட்டியிருக்க வேண்டும், பின்மண்டை தரையில் படக்கூடாது.

எந்தப் பயத்தைக் கேட்டே ஆகணும்?

தலையில் அடிபட்ட பிறகு வரும் தலைவலி, வாந்தி, வெளிச்சம் கூசுவது, நடந்ததில் கொஞ்சம் மறந்துபோவது, கால் தள்ளாடுவது, கேட்ட கேள்வியையே திரும்பக் கேட்பது. இதில் ஒன்று இருந்தாலும் அன்று ஆட்டம் முடிந்தது. "தைரியமா ஆடுடா" என்று யார் சொன்னாலும் கிளவுஸைக் கழற்றுங்கள். வாந்தி நிற்காமல் வந்தாலோ, தலைவலி கூடிக்கொண்டே போனாலோ, தூக்கத்திலிருந்து எழுப்ப முடியாவிட்டாலோ, வலிப்பு வந்தாலோ, ஒரு பக்கக் கண்ணின் பாப்பா (நடுவில் உள்ள கறுப்பு வட்டம்) பெரிதாகத் தெரிந்தாலோ காலைவரை காத்திருக்க வேண்டாம். 108க்குப் போன் செய்யுங்கள், அல்லது ஆட்டோ பிடித்து ஸ்டான்லி மருத்துவமனை அவசரப் பிரிவுக்குப் போங்கள். தனியாக அனுப்பக் கூடாது, வண்டி ஓட்ட விடக் கூடாது.

தலையடியில் நாக் அவுட் ஆனவர் குறைந்தது 30 நாள் ஸ்பாரிங் பக்கம் வரக்கூடாது, அதன் பிறகும் டாக்டர் பார்த்துச் சொன்னால்தான். முதல் அடி ஆறுவதற்குள் விழும் இரண்டாவது அடி உயிருக்கே ஆபத்தாகலாம். இந்த ஒரு விஷயத்தில் பயந்தவர்தான் விவரமானவர்.

ஒரு குவார்ட்டர் போட்டா தைரியம் வரும்ங்கிறானே?

வராது. பயத்தை உணரும் பாகம் மட்டுமல்ல, குத்தைப் பார்க்கும் கண்ணும் தடுக்கும் கையும் சேர்ந்து மந்தமாகும். மாத்திரை என்று யாராவது கையில் திணித்தால் அதுவும் அதே கதைதான். படபடப்பைக் குறைக்கிற சில மாத்திரைகள் ஆஸ்துமா உள்ளவருக்கு மூச்சையே அடைத்துவிடும்.

தோத்துட்டா ஏரியாவுல ஓட்டுவானுங்க. அடியைவிட அதான் பயமா இருக்கு.

நிறையப் பேருக்கு இதுதான் நிஜமான பயம், மற்றதெல்லாம் சாக்கு. வடசென்னைப் பையன் என்றால் பயமே தெரியாதவன் என்று வெளியே இருப்பவர்கள் எழுதிவைத்த வேஷத்தை நாமும் போட்டுக்கொண்டு திரிகிறோம். கெத்தைக் காப்பாற்ற வேண்டியிருப்பதால் "எனக்குப் பயமா இருக்கு" என்று பக்கத்தில் இருப்பவனிடம்கூடச் சொல்ல முடிவதில்லை.

செய்யக்கூடியது: முதல் போட்டிக்கு ஊரையே கூட்டிக்கொண்டு போகாதீர்கள். ஸ்டேட்டஸில் போஸ்டர் போடாதீர்கள். இரண்டு பேர் போதும், அதில் ஒருவர் தோற்றாலும் டீ வாங்கிக்கொடுக்கிறவராக இருக்கட்டும். போட்டிக்கு முன் ஜெயிப்பதைத் தவிர மூன்று குறி வைத்துக்கொள்ளுங்கள்: மூன்று ரவுண்டும் கை கீழே இறங்கக் கூடாது, ரவுண்டுக்குக் குறைந்தது இருபது ஜாப், மணி அடித்ததும் நிமிர்ந்து கார்னருக்கு நடந்துவர வேண்டும். நடுவர் யார் கையைத் தூக்கினாலும் இந்த மூன்றும் உங்கள் கணக்கு. கிண்டல் ஒரு வாரம் ஓடும், அதற்குள் வேறு யாராவது எதிலாவது மாட்டுவார்கள்.

எங்கம்மா வுட மாட்டேங்கறாங்க. அவங்க பயத்துக்கு இன்னா பண்றது?

பொய் சொல்லிவிட்டு வராதீர்கள், வீங்கின உதடு காட்டிக்கொடுத்துவிடும். பயிற்சி நடக்கும் இடத்துக்கு ஒரு மாலை அழைத்து வாருங்கள். அவர்கள் கண்முன்னால் கயிறு தாண்டுவதும், தொடு ஆட்டமும், வாத்தியார் ஒருவனைக் "கை ஓங்கிப் போட்டே, வெளிய வா" என்று இறக்கிவிடுவதும் நடக்கட்டும். தலையில் அடிபட்டால் என்ன செய்வோம் என்பதை வாத்தியாரே அவர்களிடம் சொல்லட்டும். அந்தக் கேள்விக்குப் பதில் இல்லாத வாத்தியார் என்றால், அம்மா சொல்வதைக் கேளுங்கள்.

பொண்ணுங்க வரலாமா?

வரலாம், வருகிறார்கள். 2012 லண்டன் ஒலிம்பிக்கில்தான் பெண்கள் குத்துச்சண்டை முதன்முறையாக இடம்பெற்றது, அதிலேயே மேரி கோம் வெண்கலம் வாங்கினார். புதிதாக வரும் பெண்களிடம் பார்க்கும் வித்தியாசம் ஒன்று: அடி வாங்கும் பயத்தைவிட அடிக்கும் கூச்சம் பெரிதாக இருக்கும். தொட்டதும் "சாரி" சொல்வார்கள். பேடில் முழு பலத்தோடு, வாய்விட்டுச் சத்தம் போட்டு ஐம்பது குத்து, தினமும். இரண்டு வாரத்தில் "சாரி" நின்றுவிடும்.

கத்துக்கிட்டா தெருச் சண்டைக்கும் பயப்பட வேணாம்ல?

அங்கே நன்றாகப் பயப்படுங்கள். தெருவில் நடுவர் இல்லை, எண்ணிக்கை இல்லை, எதிராளி ஒருத்தனா நாலு பேரா என்று தெரியாது, இடுப்பில் என்ன இருக்கிறது என்றும் தெரியாது. சிமென்ட் தரையில் பின்மண்டை பட்டால் அதோடு சரி. பர்ஸைக் கேட்டால் கொடுத்துவிட்டு ஓடுங்கள். தினமும் ஐந்து கிலோமீட்டர் ஓடுவது அதற்கும் உதவும்.

இந்தப் பயம் எப்பதான் போவும்?

பத்துப் பன்னிரண்டு ஸ்பாரிங்குக்குப் பிறகு ராத்திரி வரும் பயம் போகும், தூக்கம் வரும். கை கட்டும்போது வருகிற பயம் குறைந்து, பிறகு வெறும் கொட்டாவியாக நிற்கும். பெயரைக் கூப்பிட்டதும் வயிற்றில் வரும் ஒரு இழுப்பு மட்டும் இருபது போட்டி ஆடினவருக்கும் வரும். அனுபவம் உள்ளவர்களைக் கவனித்துப் பாருங்கள்: பெயர் கூப்பிட்டதும் எழுந்து, தோளை ஒருமுறை உதறி, கிளவுஸ் இரண்டையும் ஒன்றோடொன்று தட்டிவிட்டு, நீளமாக ஒரு மூச்சை வெளியே விட்ட பிறகுதான் கயிற்றுக்குள் தலையை நுழைப்பார்கள்.